இரவல் கண்

பண்ணை வீட்டின் புகைபோக்கியில் தீப்பிடித்துவிட்டது. வேலையாட்கள் தட்டுமுட்டுச் சாமான்களை வெளியே இறக்கிக்கொண்டிருக்கிறார்கள். எசமான் ஊரில் இல்லை. அந்த அமளியில் ஓர் இளைஞன் எசமானின் தனியறைக்குள் நுழைகிறான். அங்கே ஒரு டிரங்குப் பெட்டி இருக்கிறது. வெகுநாளாக அவன் தூக்கத்தைக் கெடுத்துவந்த பெட்டி அது. கைக்குக் கிடைத்த கருவியை எடுத்துக்கொண்டு தரையில் விழுந்து பூட்டை நெம்புகிறான். மூடி அசைகிற அதே நொடியில் வாசலில் எசமான் வந்து நிற்கிறார். சுவரில் மாட்டியிருந்த கைத்துப்பாக்கியை எடுத்து இளைஞனின் தலைக்கு நேரே நீட்டுகிறார். பிறகு என்ன தோன்றியதோ, ஜன்னலருகே போய் அதை முற்றத்தில் வீசி எறிந்துவிட்டு, வெளியே போ என்கிறார். பெட்டிக்குள் என்ன இருந்தது என்று அந்த இளைஞன் பார்க்கவே இல்லை. கதை முடியும்போது ஓர் அனுமானம் சொல்கிறான், அவ்வளவுதான். 1794-ல் வெளிவந்த அந்த நாவலை இன்றைக்கு எடுத்துப் படிப்பவருக்கும் பெட்டி பூட்டியபடியேதான் கிடைக்கிறது.

நாவலின் பெயர் ‘உள்ளது உள்ளபடி, அல்லது கேலப் வில்லியம்ஸின் சாகசங்கள்’. எழுதியவர் வில்லியம் காட்வின். ஆங்கிலத் துப்பறியும் நாவலின் வம்சாவளியை எழுதுகிறவர்கள் பெரும்பாலும் இங்கேதான் தொடங்குகிறார்கள். அன்றைய லண்டனில் இப்போது நாம் சொல்லும் போலீஸ் கிடையாது. பெருநகரப் போலீஸ் வந்தது 1829-ல், அதன் துப்பறியும் பிரிவு 1842-ல். 1794-ல் இருந்தது பௌ தெரு நீதிமன்றத்தின் கையாட்களும், கள்ளனைப் பிடித்துக் கொடுத்துத் தலைக்கு 40 பவுண்டு என்று பரிசுப் பணம் வாங்கிப் பிழைத்தவர்களும்தான். அப்படிப்பட்ட காலத்தில் காட்வின் ஒரு கொலையை வைத்தார், அதற்காகத் தவறாகத் தூக்கிலிடப்பட்ட இருவரை வைத்தார், முகத்தின் சுளிப்பிலிருந்து குற்றத்தைப் படிக்கிற ஒருவனை வைத்தார். அவன் மாறுவேடமிட்டு ஊர் ஊராக ஓட, துரத்துகிறவன் பின்னாலேயே வருகிறான். கதையைக் கடைசியிலிருந்து தொடங்கிப் பின்னோக்கிக் கட்டியதாகக் காட்வினே பின்னாளில் எழுதியிருக்கிறார். முதலில் துரத்தல், அதற்குக் காரணமாக ஒரு ரகசியம், ரகசியத்துக்கு அடியில் ஒரு கொலை. 1846-ல் எட்கர் ஆலன் போ தன் எழுத்துமுறையை விளக்கும் கட்டுரையை இந்தச் செய்தியில்தான் தொடங்குகிறார். ஆனால் இந்த நாவல் எழுப்பும் பெரிய கேள்வி கட்டுமானம் பற்றியது அல்ல. இன்னொருவன் நெஞ்சுக்குள் புகுந்து பார்க்கும் உரிமை ஒரு மனிதனுக்கு எங்கிருந்து வருகிறது? எல்லாவற்றையும் பார்க்கும் கண் ஒன்று உண்டென்றால் அது கடவுளுடையது என்று ஒரு காலம் நம்பியது. துப்பறியும் கதை அந்தக் கண்ணை மனிதனுக்கு இரவல் வாங்கிக் கொடுத்தது. கண் வந்தது, அதோடு சேர்ந்திருந்த பொறுமையும் கருணையும் வரவில்லை. இதை முதலில் கண்டுகொண்டவர், அந்தக் கண்ணை இரவல் வாங்கிய காட்வினேதான் என்பது என் வாதம்.

அவர் எங்கிருந்து வந்தவர் என்று பார்த்தால் இது எளிதில் விளங்கும். 1756-ல் விஸ்பீச் என்ற சிற்றூரில் பிறந்தார். தகப்பனாரும் பாட்டனாரும் அரசுத் திருச்சபைக்கு வெளியே நின்ற கால்வினியப் போதகர்கள். பதினோரு வயதில் நாரிச் நகரில் சாமுவேல் நியூட்டன் என்பவரிடம் பாடம் படிக்க அனுப்பப்பட்டார். அவர் சாண்டிமன் என்பவரின் உபதேசத்தைப் பின்பற்றியவர், பிரம்புக்கும் பஞ்சம் வைக்காதவர். கால்வின் நூற்றுக்குத் தொண்ணூற்றொன்பது பேரை நரகத்துக்கு அனுப்பினார், சாண்டிமன் கால்வினைப் பின்பற்றியவர்களிலேயே நூற்றுக்குத் தொண்ணூற்றொன்பது பேரை அனுப்ப வழி கண்டார் என்று காட்வின் பிற்காலத்தில் கிண்டல் செய்தார். கிண்டல் இருக்கட்டும். சாண்டிமன் கூட்டத்தாரின் மையக் கொள்கை ஒன்று அவரை விட்டுப் போகவே இல்லை. விசுவாசம் என்பது மனம் உருகுவதோ கண்ணீர் விடுவதோ அல்ல, உண்மையை அறிவால் ஒப்புக்கொள்வது மட்டுமே என்பது அந்தக் கொள்கை. ஹாக்ஸ்டன் கல்லூரியில் இறையியல் படித்து, வேர், ஸ்டோமார்க்கெட், பீகன்ஸ்ஃபீல்ட் என்று சிற்றூர்களில் பிரசங்கம் செய்துபார்த்து, ஹோல்பாக் போன்ற பிரெஞ்சுத் தத்துவவாதிகளைப் படித்து, 1783 வாக்கில் அங்கியைக் கழற்றிவிட்டு லண்டனில் பேனா பிடித்துப் பிழைக்க வந்தார். பத்தாண்டு கழித்து, 1793 பிப்ரவரியில் வெளிவந்த அவருடைய ‘அரசியல் நீதி’ என்ற தத்துவ நூலில் கடவுளுக்கு வேலை இல்லை. ஆனால் சர்வ வல்லமை என்ற பட்டம் காலியாக விடப்படவில்லை. அதை உண்மைக்குச் சூட்டினார். உண்மையைத் தெளிவாகச் சொல்லிவிட்டால் போதும், அது வெல்லும் என்றார். சாண்டிமன் கூடத்தில் உட்கார்ந்த பையன் நாத்திகனான பிறகும் அதே பெஞ்சில்தான் உட்கார்ந்திருக்கிறான்.

நாத்திகர் எழுதிய கதையில் கடவுளின் கண்ணைத் தேடுவது நம் ஆசைக்கு நாமே விளக்கம் கட்டுவது ஆகாதா என்று கேட்கலாம். கேட்க வேண்டிய கேள்விதான். பதில் காட்வினிடமே இருக்கிறது. 1832-ல், கேலப் வில்லியம்ஸ் எழுதிய நாட்களில் தான் என்ன படித்தேன் என்று அவர் சொல்கிறார். நியூகேட் சிறைக் குற்றவாளிகளின் வரலாறுகளும் கடற்கொள்ளையர் கதைகளும் அதில் உண்டு. அவற்றோடு ‘கொலைக்கு எதிரான கடவுளின் பழி’ என்ற பழைய பக்திப் புத்தகமும் உண்டு. சர்வ ஞானத்தின் கண் குற்றவாளியை ஓயாமல் தொடர்ந்து சென்று, அவன் ஒளிந்த பொந்தையெல்லாம் பகல் வெளிச்சத்துக்குக் கொண்டுவருவதாக அந்தப் புத்தகம் காட்டியதை அவரே குறிப்பிடுகிறார். நம் வீடுகளில் தப்புச் செய்த குழந்தையிடம் ‘சாமி கண்ணைக் குத்தும்’ என்போம். சாமி இங்கே பார்க்கிற கண்ணைத் தண்டிக்கிறது. காட்வின் வளர்ந்த வீட்டிலோ சாமியே ஒரு கண். சங்கீதம் 139-ஐ மனப்பாடம் செய்து வளர்ந்த சமூகம் அது. வானத்துக்கு ஏறினாலும் பாதாளத்தில் படுத்தாலும் அந்தப் பார்வையிலிருந்து தப்ப முடியாது. சங்கீதக்காரனுக்கு அது ஆறுதல். குற்றமுள்ள நெஞ்சுக்கு அதுவே நரகம்.

நாவலுக்குள் இந்தக் கண் கை மாறுவதைப் பார்க்கலாம். அந்த எசமானான ஃபாக்லண்ட் குணமும் கல்வியும் நிரம்பிய நிலக்கிழார். டிர்ரல் என்ற முரட்டுப் பண்ணையார், ஊரார் கூடிய விருந்து மண்டபத்தில் அவரை அடித்துக் கீழே தள்ளுகிறான். அன்றிரவே டிர்ரல் கொலையுண்டு கிடக்கிறான். ஃபாக்லண்ட் விசாரணையில் மரியாதையோடு விடுவிக்கப்படுகிறார். டிர்ரலால் ஏற்கெனவே குடி கெடுக்கப்பட்ட ஹாக்கின்ஸ் என்ற குடியானவனும் அவன் மகனும் அந்தக் கொலைக்காகத் தூக்கில் தொங்குகிறார்கள். இது நடந்து சில வருடம் கழித்து, எழுத்து வேலைக்கு வந்த அநாதை இளைஞன் கேலப் உண்மையை மோப்பம் பிடிக்கிறான். பெட்டிச் சம்பவத்துக்குப் பிறகு ஃபாக்லண்ட் அவனிடம் எல்லாவற்றையும் ஒப்புக்கொண்டு, சத்தியம் வாங்கிக்கொண்டு, அன்றிலிருந்து அவனைக் கண்காணிக்கத் தொடங்குகிறார். எங்கும் நிறைந்த கடவுளின் கையிலிருந்து தப்பினாலும் என் கையிலிருந்து தப்ப முடியாது என்ற பொருள்பட அவர் மிரட்டும் இடம் உண்டு. பின்னால், திருட்டுப் பட்டம் கட்டப்பட்டு ஓடி ஒளியும்போது, ஃபாக்லண்ட் அமர்த்திய ஜைன்ஸ் என்ற பழைய கொள்ளைக்காரன் தன்னை மோப்ப நாய்போல் தொடர்வதை உணர்ந்த கேலப், பாவியை விடாமல் துரத்தும் சர்வ ஞானத்தின் கண்ணோடு அதை ஒப்பிடுகிறான். தூக்கம் கண்ணைச் செருகும் அந்தக் கணத்தில் ஒரு கதிரைப் பாய்ச்சி எழுப்பிவிடும் கண் என்கிறான். கால்வினியம் பாவிக்குக் காட்டிய பயத்தை அப்படியே எடுத்து, கொலை செய்தவர் கையிலிருந்து குற்றமில்லாதவன்மேல் பாய விட்டிருக்கிறார் காட்வின். இதைத் தற்செயலான உவமை என்று தள்ள முடியாது. துரத்தல் முழுவதும் இந்த உவமையின்மேல்தான் கட்டப்பட்டிருக்கிறது.

துரத்தலின் நுணுக்கத்தையும் சொல்ல வேண்டும். லண்டனில் ஒளிந்திருக்கும் கேலப், பிழைப்புக்காகப் பத்திரிகைக்குக் கதை எழுதிப் போடுகிறான். பிரபல கொள்ளையர்களின் சரித்திரம் அவனுக்குச் சரளமாக வருகிறது. ஜைன்ஸின் உடன்பிறந்தவன் ஒருவன் அச்சுக்கூடத்தில் வேலை செய்கிறான். அவன் வழியாக அந்தக் கதைகளின் வாசனை ஜைன்ஸுக்குப் போகிறது. கொஞ்ச நாளில் தெருவில் ஒருவன் அரைப் பென்னிக்குக் கூவி விற்கிறான், கேலப் வில்லியம்ஸ் என்ற பாதகனின் அதிசய வரலாறு, பிடித்துக் கொடுப்பவருக்கு நூறு கினி. தன் வாழ்க்கையைத் தானே காசு கொடுத்து வாங்கிப் படிக்கிறான் அவன். கடவுளின் பதிவேட்டில் பெயர் இருப்பதாகப் பயந்த காலம் போய், அச்சடித்த தாளில் பெயர் வந்துவிட்டது. இந்தக் கண்ணுக்கு எழுத்துக் கோர்ப்பவனும் தெருவில் கூவி விற்பவனும் பரிசுக்கு ஆசைப்பட்ட அடுத்த வீட்டுக்காரனும் தேவைப்படுகிறார்கள்.

இங்கே காட்வின் தன்னையே மறுக்கிறார் என்பது எனக்கு முக்கியமாகப் படுகிறது. ‘அரசியல் நீதி’யில் அரசாங்கம் இல்லாத சமூகம் எப்படி நடக்கும் என்ற கேள்விக்கு அவர் சொன்ன பதில் அண்டை அயலாரின் பார்வை. சிறு சிறு ஊர்களாக வாழ்வோம், ஒவ்வொருவரும் மற்றவரின் நடத்தையைக் கவனித்து முகத்துக்கு நேரே உண்மையைச் சொல்வோம், அதை மீறிக் குற்றம் செய்ய எவனால் முடியும் என்றார். சட்டமும் சிறையும் ஒழிந்த இடத்தில் பார்வை வந்து உட்கார்கிறது. அந்தப் புத்தகம் வெளிவருவதற்கு மூன்று மாதம் முன்பு, 1792 நவம்பரில், ஜான் ரீவ்ஸ் என்பவர் குடியரசுவாதிகளிடமிருந்து சொத்தையும் சுதந்திரத்தையும் காப்பதாகச் சொல்லி ஒரு சங்கம் தொடங்கியிருந்தார். ஊருக்கு ஊர் அதற்குக் கிளை முளைத்தது. பக்கத்து வீட்டுக்காரன் மதுக்கடையில் என்ன பேசினான், எந்தப் புத்தகம் வைத்திருக்கிறான் என்று எழுதிக் கொடுப்பது தேசபக்தி ஆயிற்று. தத்துவத்தில் அழகாக இருந்த அயலார் பார்வைக்கு நடைமுறையில் என்ன முகம் என்று காட்வின் நாவலை எழுதிக்கொண்டிருந்த மாதங்களில் பார்த்திருக்கிறார். நாவலின் முன்னுரையில் அவர் இட்ட தேதி 1794 மே 12. அன்றுதான் சீர்திருத்தச் சங்கத்தைச் சேர்ந்த செருப்புத் தைப்பவரான தாமஸ் ஹார்டி ராஜதுரோகக் குற்றச்சாட்டில் கைதானார். புத்தக வியாபாரிகள் பயந்துபோய் முன்னுரையை அச்சில் சேர்க்கவில்லை.

இதுவரை சொன்னது துரத்துகிறவரின் கண்ணைப் பற்றி. நாவலை உண்மையிலேயே சங்கடமான நூலாக்குவது கேலப்பின் கண். முதலில் பார்த்தவன் அவன்தான். ஃபாக்லண்ட் அவனுக்கு ஒரு தீங்கும் செய்யவில்லை, சோறு போட்டார். ஹாக்கின்ஸ் குடும்பத்துக்கு நியாயம் வாங்கித்தர வேண்டும் என்ற நினைப்பும் அவனுக்கு அப்போது இல்லை. அவனை உந்தியது தெரிந்துகொள்ளும் ஆசை ஒன்றுதான். அவன் செய்யும் சோதனையைப் பாருங்கள். ஃபாக்லண்ட் அந்த வட்டாரத்து மாஜிஸ்திரேட். அவமானம் தாங்காமல் எதிரியை அடித்துக் கொன்ற ஒரு குடியானவனின் வழக்கு அவர் முன் வருகிறது. அவருடைய கதையே கிட்டத்தட்ட அதுதான். கேலப் வழக்கைக் கவனிக்கவில்லை. விசாரிக்கிறவரின் முகத்தை மட்டும் பார்க்கிற இடமாகத் தேடி உட்கார்ந்துகொள்கிறான். அவர் முகம் மாறுகிறது, தாங்க முடியாமல் எழுந்து ஓடுகிறார். கேலப் தோட்டத்துக்கு ஓடி, இவர்தான் கொலைகாரர் என்று தனக்குள் கூவுகிறான். அந்த நேரத்தில் அவன் உடம்பெல்லாம் சந்தோஷம் பொங்குகிறது. அவ்வளவு உயிர்ப்போடு தான் அதுவரை இருந்ததில்லை என்கிறான். ஒரு மனிதன் அழுகிக்கொண்டிருப்பதைக் கண்டுபிடித்ததில் வந்த சந்தோஷம் அது. துப்பறியும் கதை வாசகர் ஒவ்வொருவருக்கும் இந்தச் சந்தோஷம் தெரியும். கடைசி அத்தியாயத்தில் எல்லாம் பொருந்தும்போது நமக்கு வருவது இதுதான். அது குற்றமற்றதா என்று அந்த வகை பிறந்த நாளிலேயே ஒருவர் கேட்டிருக்கிறார்.

நம்புகிறவர்களின் கணக்கில் கடவுளின் பார்வைக்கும் இதற்கும் உள்ள வேறுபாடு அளவில் இல்லை. தூரத்தையும் இருளையும் ஊடுருவும் திறமையில் மனிதன் நாளுக்கு நாள் முன்னேறலாம். பார்க்கப்படுகிறவனோடு பார்க்கிறவருக்குள்ள உறவில்தான் வேறுபாடு. கடவுள் தாம் படைத்ததைப் பார்க்கிறார். பார்ப்பதால் அவருக்குப் புதிதாகக் கிடைப்பது ஒன்றுமில்லை. ஆகவே அவர் காத்திருக்க முடியும். கேலப்புக்கோ பார்ப்பதே லாபம். பார்த்த பிறகு அந்த மனிதரை என்ன செய்வது என்று அவன் யோசித்து வைக்கவே இல்லை. கடவுளை நம்பாதவருக்கும் இந்த வேறுபாடு செல்லும். பார்வை என்பது தகவல் சேர்ப்பு மட்டும் அல்ல, ஒருவர்மேல் எடுத்துக்கொள்ளும் பொறுப்பு. பொறுப்பைக் கழித்துவிட்டு ஞானத்தை மட்டும் வைத்துக்கொள்ள முடியும் என்று நினைத்ததுதான் ‘அரசியல் நீதி’யின் பிழை. அந்தப் பிழையைக் காட்டுவதற்குக் காட்வினுக்கு ஒரு கதை தேவைப்பட்டிருக்கிறது.

இதற்கு வலுவான சான்று நாவலின் இரண்டு முடிவுகள். 1794 ஏப்ரல் கடைசியில் அவர் எழுதி முடித்த முடிவில், கேலப் நீதிமன்றத்தில் ஃபாக்லண்டைக் குற்றம் சாட்டுகிறான். அவர் மறுக்கிறார், மாஜிஸ்திரேட் கேலப்பின் வாயை அடைக்கிறார். அவன் சிறையில் புத்தி பேதலித்து, இங்கே ஒரு காலத்தில் மனிதனாக இருந்தவன் கிடக்கிறான் என்று சொல்லும் கல்லறைக் கல்லைப்போல ஆகிறான். கையெழுத்துப் பிரதியில் கிடந்த இந்த முடிவு 1966-ல்தான் அச்சேறியது. எழுதிய சில நாட்களிலேயே காட்வின் அதைத் தள்ளிவிட்டு வேறொன்றை எழுதினார். அதில் ஃபாக்லண்டை நாற்காலியில் வைத்துத் தூக்கிவருகிறார்கள், பிணம்போல இருக்கிறார். அவரைப் பார்த்ததும் கேலப்புக்குப் பேச்சு மாறிவிடுகிறது. குற்றம் சாட்ட வந்தவன் தன் குற்றத்தைச் சொல்லத் தொடங்குகிறான். பொதுமன்றத்துக்கு இழுத்து வராமல் இவரிடம் தனியே போய் மனம் திறந்து பேசியிருந்தால் இவர் இணங்கியிருப்பாரே என்கிறான். ஃபாக்லண்ட் எழுந்து அவன் கைகளில் விழுந்து, கொலையை ஒப்புக்கொள்கிறார். மூன்று நாளில் இறந்துபோகிறார். கேலப் வழக்கில் ஜெயித்துவிட்டான். தன் நற்பெயரை மீட்கத்தான் இந்த வரலாற்றை எழுதத் தொடங்கினான். முடிக்கும்போது, மீட்பதற்குத் தனக்கு ஒரு பெயரே இல்லை என்று எழுதுகிறான்.

அரசியல் நோக்கில் படிக்கிறவர்கள் இங்கே குறுக்கிடுவார்கள். தலைப்பே ‘உள்ளது உள்ளபடி’. பணக்காரனுக்கு ஒரு சட்டம், ஏழைக்கு ஒரு சட்டம் என்று காட்டத்தான் காட்வின் எழுதினார், அச்சில் சேராமல்போன அந்த முன்னுரையும் அதைத்தான் சொல்கிறது, இதில் மனச்சாட்சி விசாரணையைப் புகுத்துவது கூர்மையை மழுக்குவது என்பார்கள். முதல் முடிவு அந்தப் படிப்புக்கு அளவெடுத்துத் தைத்தது, ஒப்புக்கொள்கிறேன். அப்படியானால் ஏன் மாற்றினார்? விற்பனைக்காக மென்மையாக்கினார் என்று சொல்ல முடியாது. முதல் முடிவில் கேலப் அழிந்தாலும் நியாயம் அவன் பக்கம் இருக்கிறது, வாசகர் கோபத்தோடும் சுத்தமான மனத்தோடும் புத்தகத்தை மூடலாம். இரண்டாவதில் அந்தச் சுகமும் இல்லை. சட்டம் ஃபாக்லண்டைக் காப்பாற்றியது என்பது இரண்டிலும் உண்மை. இரண்டாவது முடிவு கூடுதலாகச் சொல்வது, சட்டம் சரியாக வேலை செய்திருந்தாலும் கேலப் பார்த்த பார்வையின் குற்றம் மிச்சமிருக்கும் என்பது. அரசியல் வாதத்தை அது விட்டுவிடவில்லை. அந்த வாதம் போய்ச் சேராத இடத்துக்கும் போகிறது.

இதைவிடக் கடினமான ஆட்சேபம் ஒன்று உண்டு. கேலப் கண்ணை மூடிக்கொண்டிருந்தால் ஹாக்கின்ஸும் அவன் மகனும் என்றென்றைக்கும் கொலைகாரர்களாகவே கிடப்பார்கள் அல்லவா? இரண்டு ஏழைகளின் கழுத்தில் கயிறு விழப் பார்த்துக்கொண்டிருந்த ஒரு கனவானின் மன அமைதிக்காகத் துப்பறிபவனைக் குற்றவாளிக் கூண்டில் ஏற்றுவது எந்த ஊர் நியாயம்? இதை முழுதாகச் சமாளிக்க முடியும் என்று நான் நினைக்கவில்லை. கடைசிக் காட்சியில் கேலப் ஃபாக்லண்டின் மேன்மையை நினைத்து உருகுகிற அளவுக்கு அந்த இருவரை நினைக்கவில்லை. அது நாவலின் ஊனம். பண்பட்ட கொலைகாரருக்குக் கிடைக்கும் கண்ணீரில் பாதிகூடக் குடியானவனுக்குக் கிடைக்கவில்லை. ஆனால் இந்த ஆட்சேபம் என் வாதத்தை உடைப்பதைவிடக் கூர்மையாக்குகிறது என்றே படுகிறது. ஹாக்கின்ஸ்களுக்காகக் கேலப் பார்த்திருந்தால், அவனுடைய பார்வைக்கு ஒரு பொறுப்பு இருந்திருக்கும். பெட்டியை உடைக்கத் தேவைப்பட்டிருக்காது. ஃபாக்லண்ட் வாய்விட்டுச் சொன்ன பிறகு, சத்தியம் செய்து வாயை மூடிக்கொண்டும் இருந்திருக்க மாட்டான். அவன் வாய் திறப்பது தன்மேல் திருட்டுப் பட்டம் கட்டப்பட்டு வாழ இடமில்லாமல் போன பிறகு. தூக்கில் போனவர்களின் உண்மையை அவன் தன் தற்காப்புக்கு எடுத்துக்கொள்கிறான். பார்க்கவே கூடாதென்று காட்வின் சொல்லவில்லை, சொல்லியிருந்தால் அது கோழைத்தனம். யாருக்காகப் பார்த்தாய், பார்த்ததை யாரிடம் முதலில் கொண்டுபோனாய் என்று கேட்கிறார்.

பின்னால் வந்த துப்பறியும் கதைகள் இந்தக் கேள்வியைப் பெரும்பாலும் சாமர்த்தியமாகத் தாண்டிப் போயின. துப்பறிபவர் வெளியாள், சம்பளத்துக்கோ புதிருக்காகவோ வருகிறவர், கொலையாளியின் சோற்றைத் தின்றவர் அல்ல என்று அமைத்துவிட்டால் சங்கடம் தீர்ந்தது. என்றாலும் நல்ல எழுத்தாளர்களிடம் பழைய உறுத்தல் எட்டிப் பார்க்கிறது. 1892-ல் வெளிவந்த கோனன் டாயிலின் நீலக்கல் கதையில் ஷெர்லாக் ஹோம்ஸ், நடுநடுங்கி நிற்கும் திருடனைப் பிடித்துக் கொடுக்காமல் கதவைத் திறந்துவிடுகிறார். செஸ்டர்டனின் பாதிரியார் பிரவுன் இன்னும் நேராகப் போகிறார். மேலிருந்து விழுந்த சுத்தியல் பற்றிய கதையில் அவர் கொலையாளியைக் கண்டுபிடித்துத் தனியாகப் பேசுகிறார், போலீஸிடம் சொல்லும் வேலையை அந்த மனிதனிடமே விட்டுவிடுகிறார். அவனும் கீழே இறங்கிவந்து தானே சொல்லிவிடுகிறான். கேலப் தான் செய்யத் தவறியதாக அழுத காரியம் இது. கொலையாளிகளைத் தான் கண்டுபிடிப்பது எப்படி என்று கேட்டதற்கு, அந்தக் கொலைகளையெல்லாம் நானே செய்தேன் என்று பிரவுன் ஓரிடத்தில் விளக்குகிறார். அவன் மனத்தை உள்ளே போய் வாழ்ந்து பார்த்தேன் என்பது பொருள். பாவமன்னிப்புக் கூண்டில் உட்கார்ந்து பழகியவருக்குத்தான் இது தோன்றும். செஸ்டர்டன் கண்ணை இரவல் வாங்கும்போது கூடவே வட்டியையும் கட்டியவர். கொஞ்சம் சௌகரியமாகக் கட்டிவிட்டார் என்றும் எனக்கு ஒரு குறை உண்டு. அவர் கதைகளில் கொலையாளிகள் அவ்வளவு நல்லபடியாகப் பேச்சைக் கேட்கிறார்கள்!

காட்வினுக்கு அவ்வளவு சௌகரியம் வாய்க்கவில்லை. நாவலில் கற்றதை வாழ்க்கையில் கற்க அவருக்கு இன்னும் இருபது வருடம் ஆனது. 1797 மார்ச்சில் எழுத்தாளர் மேரி வோல்ஸ்டன்கிராஃப்டை மணந்தார். செப்டம்பரில், பின்னாளில் ‘ஃபிராங்கன்ஸ்டைன்’ எழுதப்போகும் மகளைப் பெற்ற பதினோராம் நாள், மேரி இறந்தார். துக்கம் ஆறுவதற்குள் உட்கார்ந்து அவருடைய வாழ்க்கை வரலாற்றை எழுதி 1798 ஜனவரியில் வெளியிட்டுவிட்டார். மேரி முன்பு காதலித்த அமெரிக்கர் இம்லே, அவருக்கு மணமாகாமலே பெற்ற பெண் ஃபானி, இருமுறை தற்கொலைக்கு முயன்றது, எதையும் மறைக்கவில்லை. இறந்த மனைவியின் துணியை உரித்துவிட்டார் என்று கவிஞர் சதே சொன்னார். மேரியின் புத்தகங்களையே பல பத்தாண்டுகள் மரியாதைப்பட்டவர்கள் தொடத் தயங்கினார்கள். அந்த நூலில் அன்பு இல்லை என்று யாரும் சொல்ல முடியாது, அன்புதான் பக்கத்துக்குப் பக்கம் இருக்கிறது. உண்மையைச் சொன்னால் உண்மை பார்த்துக்கொள்ளும் என்ற பழைய நம்பிக்கையும் இருக்கிறது. அந்த உண்மையின் செலவை யார் கட்டப்போகிறார்கள் என்று மட்டும் அவர் பார்க்கவில்லை. ஃபானிக்கு அப்போது வயது நாலு நிரம்பவில்லை. கேலப் வில்லியம்ஸின் முன்னுரையில் தேதி இட்ட இரண்டாம் நாள், 1794 மே 14-ல், பிரான்சின் லி ஆவ்ர் துறைமுகத்தில் பிறந்தவள் அவள்.

காட்வினின் வீட்டில் காட்வினின் பெயரோடு வளர்ந்த ஃபானி, 1816 அக்டோபரில் ஸ்வான்ஸீ நகரத்து விடுதி ஒன்றில் தனியாக அறை எடுத்துத் தங்கி, தன் உயிரை மாய்த்துக்கொண்டாள். பிறப்பே துரதிர்ஷ்டமாகிவிட்ட ஒரு ஜீவன் என்று தன்னைப் பற்றி எழுதியிருந்தாள். கடிதத்தின் அடியில் கையெழுத்து இருந்த இடம் கிழிக்கப்பட்டிருந்தது. செய்தி கேட்ட காட்வின் மகள் மேரிக்குக் கடிதம் எழுதினார். ஸ்வான்ஸீக்குப் போகாதே, அவள் விரும்பிய மறைவைக் கலைத்துவிடாதே என்று கேட்டுக்கொண்டார். தெரிந்தவர் ஒருவரிடம் காய்ச்சலில் போய்விட்டாள் என்றே சொன்னார். கபடம் என்று இதைக் கண்டித்தவர்கள் உண்டு. வாழ்நாளெல்லாம் ஒளிவுமறைவின்மையைப் போதித்தவர் கடைசியில் பொய் சொல்லிவிட்டாரே என்பார்கள். சொன்னதில் தன் வீட்டு மானத்தைக் காக்கும் எண்ணமும் கலந்திருந்திருக்கும், இல்லை என்று வாதாடப் போவதில்லை. ஆனால் 1798-ல் மனைவிக்குச் செய்யாததை 1816-ல் அந்தப் பெண்ணுக்குச் செய்தார்.

உள்ளூர்ப் பத்திரிகை ‘தி கேம்பிரியன்’ கடிதத்தையும், அவளிடம் இருந்த பொருள்களின் விவரத்தையும் அச்சிட்டது. ஒரு தங்கக் கடிகாரம். ‘ஜி’ என்ற எழுத்து தைத்த காலுறை. அவளுடைய தாயின் ரவிக்கைக் கச்சு ஒன்றையும் அவள் அணிந்திருந்தாள், அதில் ‘எம். டபிள்யூ.’ என்று குறி. இரண்டு எழுத்தும் ஓர் எழுத்தும். கேலப் கையில் கிடைத்திருந்தால் அன்று மாலைக்குள் பெயரைச் சொல்லியிருப்பான். பத்திரிகை வந்த அந்த வாரத்தில் அந்த எழுத்துகளை யாரும் கூட்டிப் பார்க்கவில்லை. கூட்டத் தெரிந்த ஒருவர் லண்டனில் தம் மேசையருகே உட்கார்ந்து, யாரும் வராமலிருக்க வேண்டும் என்று கடிதம் எழுதிக்கொண்டிருந்தார்.